வெள்ளிக்கிழமைப் பட்டியல்

ஆங்கிலத்தில் 'ஜர்னிமேன்' என்றொரு சொல் உண்டு. பயணத்தைக் குறிக்கும் சொல் அதனுள் தெரிவதால், ஊர் ஊராகச் சுற்றுகிறவன் என்று பொருள்கொள்ளத் தோன்றும். ஆனால் அதன் வேர் பயணத்தில் இல்லை, நாளில் இருக்கிறது. ஒரு நாளையும் ஒரு நாள் வேலையையும் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லிலிருந்து பிறந்தது அது. ஐரோப்பியக் கைவினைஞர் சங்கங்களில், தொழில் பழகி முடித்தும் சொந்தமாகப் பட்டறை வைக்கும் நிலையை எட்டாமல், பிறரிடம் நாட்கூலிக்கு வேலை செய்தவனுக்கு அந்தப் பெயர். நம் கட்டட வேலையில் சித்தாளும் அல்லாத, மேஸ்திரியும் அல்லாத கொத்தனார் நிற்கும் இடம் என்று சொல்லலாம். சுவர் அவர் கையால்தான் எழும்புகிறது. வீட்டைக் கட்டியது யார் என்று கேட்டால் அவர் பெயரை எவரும் சொல்வதில்லை.

கால்பந்தைப் பற்றி எழுதுவோர் இச்சொல்லைச் சற்று இளக்காரத்தோடு ஆள்கிறார்கள். எந்தப் பெரிய அணியிலும் நிலைகொள்ளாமல், நான்கைந்து கிளப்புகளில் சம்பளத்துக்கு ஆடி, முப்பதைத் தாண்டியதும் சத்தமில்லாமல் ஓய்வுபெறுகிறவர் அவர்கள் கணக்கில் ஜர்னிமேன். இங்கிலாந்தின் முதல் நான்கு பிரிவுகளிலும் சேர்த்து 92 கிளப்புகள் இருக்கின்றன. அவற்றில் ஆடிப் பிழைப்பவர்களில் நாம் பெயரறிந்தவர்கள் ஒரு கைப்பிடி. மற்றவர்கள் அனைவரும் கொத்தனார்கள். அவர்கள் இல்லையென்றால் சனிக்கிழமை ஆட்டம் இல்லை.

நான் தமிழிலக்கியம் பயின்று, அதையே கற்பித்துப் பிழைப்பவன். கால்பந்தோடு எனக்குள்ள உறவு தொலைக்காட்சி அளவிலானது. சில ஆண்டுகளுக்கு முன் லண்டனிலிருந்து விடுமுறையில் வந்த நண்பர் ஒருவர், பழுப்பேறிய மெல்லிய புத்தகம் ஒன்றை என் கையில் கொடுத்து, "இது விளையாட்டைப் பற்றிய புத்தகம் இல்லை, வேலையைப் பற்றிய புத்தகம்" என்றார். ஈமன் டன்ஃபி எழுதிய 'ஒன்லி எ கேம்?' என்னும் நாட்குறிப்பு அது. பீட்டர் பால் என்ற பத்திரிகையாளரின் துணையோடு உருவாகி 1976இல் வெளிவந்தது. தலைப்பின் இறுதியில் உள்ள வினாக்குறியைக் கவனிக்க வேண்டும். 'வெறும் விளையாட்டுதானே' என்று ஊரார் அலட்சியமாகச் சொல்வதை எடுத்துக்கொண்டு, 'வெறும் விளையாட்டுதானா?' என்று அவர்களிடமே திருப்பிக் கேட்கிறது அந்தக் குறி.

டன்ஃபி 1945இல் டப்ளின் நகரில் பிறந்தவர். மின்சாரமும் வெந்நீரும் இல்லாத ஒற்றை அறையில் தம் குடும்பம் வாழ்ந்ததாகப் பின்னாளில் எழுதியிருக்கிறார். 1960இல், 15 வயதில், மான்செஸ்டர் யுனைடெட் கிளப்பில் பயிற்சி ஆட்டக்காரராகச் சேர்ந்தார். இரண்டு ஆண்டுகளுக்கு முன்புதான் மியூனிக் விமான விபத்தில் எட்டு ஆட்டக்காரர்களை இழந்திருந்தது அந்தக் கிளப். மேலாளர் மாட் பஸ்பி மீண்டும் ஓர் அணியைக் கட்டிக்கொண்டிருந்தார். அடுத்த ஆண்டு பெல்ஃபாஸ்டிலிருந்து அதே 15 வயதில் ஒல்லியான மற்றொரு பையன் வந்து சேர்ந்தான். அவன் பெயர் ஜார்ஜ் பெஸ்ட். அவனுக்கு நிகழ்ந்தது உலகறிந்த கதை. டன்ஃபிக்கு நிகழ்ந்தது இவ்வளவுதான்: ஏறத்தாழ ஐந்து ஆண்டுகள் அங்கே இருந்தும் முதல் அணிக்காக ஓர் ஆட்டம்கூட ஆடவில்லை. 1965இல் யார்க் சிட்டி என்னும் சிறிய கிளப்புக்குப் போனார்.

ஒருவர் தம் அளவை எப்போது அறிந்துகொள்கிறார் என்பது முக்கியமானது. நம்மில் பலருக்கு அது நாற்பது வயதுக்கு மேல் மெல்ல மெல்லத் தெரியவரும். அதற்குள் நாம் அதனோடு சமாதானமாகியிருப்போம். பெஸ்ட் பந்தைத் தொடும் விதத்தை நாள்தோறும் பயிற்சிக் களத்தில் பார்த்த பையன் இருபது வயதுக்குள்ளேயே தன் அளவை அறிந்திருப்பான். அறிந்தபின்னும் அதே தொழிலில் இன்னும் பல ஆண்டுகள் நிற்பதற்கு ஒருவகைத் துணிவு வேண்டும். புகழுக்கு ஆசைப்படும் துணிவைவிட அது கடினமானது என்று எனக்குப் படுகிறது.

டன்ஃபி நின்றார். 1965 நவம்பரில், யார்க் சிட்டியில் இருந்தபோதே, அயர்லாந்து தேசிய அணியில் முதன்முதலாக ஆடினார். 1966 உலகக் கோப்பைக்குத் தகுதிபெறப் பாரிஸ் நகரில் ஸ்பெயினோடு நடந்த தீர்வு ஆட்டம் அது. அயர்லாந்து 0-1 என்று தோற்றது. 1966 தொடக்கத்தில் தென்கிழக்கு லண்டனின் மில்வால் கிளப்புக்கு வந்தார். மொத்தம் 23 முறை நாட்டுக்காக ஆடினார்; அவற்றில் பெரும்பாலானவை மில்வாலில் இருந்த காலத்தவை. அயர்லாந்து அணி வெற்றியின் முகத்தை அரிதாகவே கண்ட காலமும் அதுதான்.

மில்வால் 1885இல் ஒரு ஜாம் தொழிற்சாலையின் தொழிலாளர்கள் தொடங்கிய கிளப். துறைமுகத் தொழிலாளர்களின் அணி என்றே அது அறியப்பட்டது. 'தி டென்' என்று அழைக்கப்பட்ட அதன் பழைய மைதானம், சிங்கத்தின் குகை என்ற பெயருக்கேற்ப, எதிரணியினர் வர அஞ்சிய இடம். டன்ஃபி அங்கே ஏழு ஆண்டுகளுக்கு மேல் இருந்தார். 270க்கும் மேற்பட்ட லீக் ஆட்டங்கள் ஆடினார். அந்த ஆண்டுகளில்தான் லண்டன் துறைமுகத் தொழில் கண்ணெதிரே தேய்ந்துகொண்டிருந்தது. மைதானத்துக்கு அருகிலிருந்த சர்ரே கப்பல்துறைகள் 1970இல் மூடப்பட்டன. வாரம் முழுவதும் வேலையைப் பற்றிய அச்சத்தில் இருந்தவர்கள், சனிக்கிழமை பிற்பகலில், வேலையைப் பற்றிய அச்சத்தில் இருந்த பதினொருவரைப் பார்க்க வந்தார்கள் என்று சொன்னால் மிகையாகாது.

அவருடைய இடம் நடுக்களம். கால்பந்தில் கோல் அடிப்பவரின் வேலை எல்லோர் கண்ணுக்கும் தெரியும். கோல்காப்பாளரின் தவறும் தெரியும். நடுக்களத்தவரின் வேலையோ பெரும்பாலும் தெரிவதில்லை. தடுப்பாட்டக்காரரிடமிருந்து பந்தை வாங்கி முன்களத்தவரிடம் சேர்ப்பதே அவர் பணி. நம் இலக்கணத்தின் சாரியையைப் போல. 'மரத்தை' என்னும்போது மரமும் ஐயும் நம் கவனத்துக்கு வருகின்றன; இடையில் நின்று இரண்டையும் இணைக்கும் 'அத்து' யார் கண்ணிலும் படுவதில்லை. அணி தோற்றுக்கொண்டிருக்கும்போது, பார்வையாளர்கள் கூச்சலிடும்போது, பந்தை எனக்குக் கொடு என்று திறந்த இடத்தில் வந்து நிற்பது நடுக்களத்தவரின் அறம். நிற்காமலும் இருக்கலாம். எதிரணியினர் ஒருவரின் முதுகுக்குப் பின்னால், பந்து வந்துசேர முடியாத ஓர் இடத்தில், ஓடிக்கொண்டே ஒளிந்திருக்கலாம். பார்ப்பவர்களுக்கு அவர் உழைப்பதாகவே தோன்றும். ஒளிகிறாரா நிற்கிறாரா என்பது உடன் ஆடும் பத்துப் பேருக்கு மட்டுமே தெரியும்.

நல்ல தொழிலாளி யார், மோசமான தொழிலாளி யார் என்று டன்ஃபி தம் நாட்குறிப்பில் திரும்பத் திரும்பப் பேசுவது இந்த அறத்தைத்தான். திறமை அவருடைய அளவுகோல் அன்று. கூட்டத்தின் கண்ணுக்குப் படாத வேலையைச் செய்கிறாரா என்பதே அளவுகோல். இரண்டு நடுக்கள ஆட்டக்காரர்கள் பந்தைப் பரிமாறிக்கொள்வதன் வழியாகவே ஒருவரையொருவர் காதலர்களுக்கு இணையான நெருக்கத்தோடு அறிந்துகொள்ள முடியும் என்கிறார் ஓரிடத்தில். களத்துக்கு வெளியே அவர்கள் பேசிக்கொள்ளாதவர்களாக இருந்தாலும் களத்துக்குள் அந்த உறவு உண்மையானது. வேலையின் வழியாக மட்டுமே உருவாகும் அத்தகைய நெருக்கத்தைப் பற்றித் தமிழில் நாம் அதிகம் எழுதியதில்லை.

மில்வாலுக்கு அதுவரை எட்டாதிருந்த ஒன்று முதல் பிரிவு. 1971-72 பருவத்தில் அது கைக்கெட்டும் தொலைவில் வந்தது. அந்தப் பருவம் முழுவதும் சொந்த மைதானத்தில் மில்வால் ஓர் ஆட்டத்திலும் தோற்கவில்லை. 1972 ஏப்ரல் கடைசிச் சனிக்கிழமை, பிரஸ்டன் அணியை வென்றுகொண்டிருந்தபோது, போட்டியில் இருந்த பர்மிங்ஹாம் அணி வேறோர் ஊரில் தோற்றுக்கொண்டிருக்கிறது என்ற செய்தி கூட்டத்தில் பரவியது. ஆட்டம் முடிந்ததும் மக்கள் களத்துக்குள் பாய்ந்து ஆட்டக்காரர்களைத் தோளில் தூக்கினார்கள். செய்தி பொய். பர்மிங்ஹாம் அன்றும் வென்றது, தன் கடைசி ஆட்டத்தையும் வென்றது. அந்நாளில் இரண்டாம் பிரிவிலிருந்து முதல் இரண்டு அணிகளே மேலே செல்லும். மில்வால் ஒரே ஒரு புள்ளியில் மூன்றாவதாக நின்றது.

1973-74 பருவத்தில் விதி மாறியது. மூன்று அணிகள் மேலே செல்லலாம் என்று ஆனது. டன்ஃபி தம் நாட்குறிப்பைத் தொடங்கியது அந்தப் பருவத்துக்கான கோடைப் பயிற்சியின்போதுதான். இந்த முறை மூன்றாம் இடம் போதும். 28 வயது. மேலே செல்வதற்கு இதுவே கடைசி வாய்ப்பு என்று அவருக்குத் தெரியும். ஆரம்பப் பக்கங்களில் நம்பிக்கை ததும்புகிறது. பிறகு ஆட்டங்கள் தொடங்குகின்றன. அணி தடுமாறுகிறது. மேலாளர் பென்னி ஃபென்டன் ஆட்களை மாற்றிப் பார்க்கிறார். ஒரு கட்டத்தில் டன்ஃபியின் பெயர் பட்டியலில் இல்லை.

அந்தப் பட்டியலைப் பற்றிச் சொல்ல வேண்டும். சனிக்கிழமை ஆட்டத்துக்கான அணியை வெள்ளிக்கிழமை அறிவிப்புப் பலகையில் குத்திவைப்பது இங்கிலாந்துக் கிளப்புகளின் பழைய வழக்கம். பதினொரு பெயர்கள், பன்னிரண்டாவதாக ஒரே ஒரு மாற்று ஆட்டக்காரர். இன்றுபோல் நீண்ட இருக்கை வரிசை அன்று கிடையாது. பெயர் இருந்தால் வேலை இருக்கிறது. இல்லையென்றால் காலியான படிக்கட்டுகளுக்கு முன்னால், அடுத்த நிலை அணிக்காக, பதினெட்டு வயதுப் பையன்களோடு ஆட வேண்டும். ஏன் என்று காரணம் சொல்லும் கடமை எவருக்கும் இல்லை.

அடுத்து வரும் பக்கங்களுக்காகவே இந்த நூல் இன்றும் வாசிக்கப்படுகிறது. வெளியே அமர்ந்து தம் அணியின் ஆட்டத்தைப் பார்க்கும் டன்ஃபி, அது தோற்க வேண்டும் என்று தாம் விரும்புவதை எழுதிவிடுகிறார். ஏழு ஆண்டுகள் தம் உடலைக் கொடுத்த அணி. களத்தில் ஆடுபவர்கள் நண்பர்கள். அவர்கள் வென்றால் தாம் தேவையில்லை என்று ஆகிவிடும். தோற்றால் அடுத்த வெள்ளிக்கிழமை பெயர் வரலாம். நல்ல தொழிலாளிக்கு இந்த எண்ணம் வரக் கூடாது என்பதும் அவருக்குத் தெரிகிறது. வருகிறது என்பதும் தெரிகிறது. இரண்டையும் அருகருகே வைத்துவிட்டு நகர்ந்துவிடுகிறார்.

முதுகலை முடித்தபின் ஆறு ஆண்டுகள் நான் மணிக்கணக்கு ஊதியத்தில் பாடம் நடத்தியவன். ஜூன் மாதத்தில், கல்லூரி திறப்பதற்கு முந்தைய நாள், துறைத்தலைவர் அறையின் கதவருகே கால அட்டவணை ஒட்டப்படும். அதில் பெயர் இருந்தால் அந்த ஆண்டுக்குச் சோறு. ஓராண்டு, மூன்றாண்டுகளாக நான் நடத்திவந்த சங்க இலக்கியத் தாளுக்கு எதிரே வேறொருவர் பெயர் இருந்தது. நான் வேறெங்கும் இல்லை. எவரும் எதுவும் சொல்லவில்லை. ஆகஸ்டு மாதம் கடைத்தெருவில் பார்த்த பழைய மாணவிகள் இருவர், "புது சார் ரொம்ப நல்லா நடத்துறாங்க ஐயா" என்று கள்ளமில்லாமல் சொன்னார்கள். அதைக் கேட்டு மகிழ்ந்தேன் என்று எழுதினால் அது பொய். டன்ஃபியின் அந்தப் பக்கங்களைப் படித்தபோது, அந்த ஆகஸ்டு மாலையில் எனக்குள் நின்ற மனிதனுக்கு ஒரு பெயர் கிடைத்தாற்போல் இருந்தது. ஆறுதல் என்று அதைச் சொல்ல மாட்டேன். தனியாக இல்லை என்ற தகவல் மட்டும்தான்.

புலவன் பரிசு மறுத்துச் செல்லும் காட்சியைப் புறநானூற்று வகுப்பில் நடத்தும்போதெல்லாம் மாணவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். இளவெளிமான் கொடுத்த சிறு பரிசிலை ஏற்காமல் போன பெருஞ்சித்திரனார், குமணனிடம் யானை பெற்று வந்து அதை இளவெளிமானின் காவல்மரத்திலேயே கட்டிக் காட்டுகிறார். பரிசிலனுக்கு அந்தப் பெருமிதம் வாய்த்ததற்குக் காரணம், அவனால் வேறொரு வாயிலுக்கு நடந்து செல்ல முடிந்தது என்பதே. 1973இன் ஆங்கிலேயக் கால்பந்து ஆட்டக்காரருக்கு அது எளிதன்று. வாரத்துக்கு 20 பவுண்டு என்ற ஊதிய உச்சவரம்பு 1961 ஜனவரியில்தான் நீக்கப்பட்டது. ஆட்டக்காரரைக் கிளப்புகள் பிடித்துவைத்துக்கொள்ளும் முறை நியாயமற்ற தொழில்தடை என்று, ஜார்ஜ் ஈஸ்தம் தொடுத்த வழக்கில் 1963இல் நீதிமன்றம் சொன்னது. ஆனாலும் ஒப்பந்தம் முடிந்ததும் தம் விருப்பப்படி கிளப் மாறும் உரிமை 1978இல்தான் கிடைத்தது. அப்போதும் கிளப்புகளுக்கிடையே மாற்றுத்தொகை நீடித்தது. 1995இல் ஐரோப்பிய நீதிமன்றத்தின் போஸ்மன் தீர்ப்பு வரும்வரை அதுதான் நிலை. பட்டியலில் பெயர் இல்லாதவர் தாமாகவே வெளியேறவும் முடியாது. விற்கப்படும்வரை காத்திருக்க வேண்டும்.

1973 நவம்பரில் டன்ஃபி மூன்றாம் பிரிவில் இருந்த சார்ல்டன் அத்லெடிக் கிளப்புக்கு மாற்றப்பட்டார். நாட்குறிப்பு அங்கே, பருவத்தின் நடுவில், அறுபட்டு நிற்கிறது. அந்த ஆண்டு மூன்றாம் இடத்தைப் பிடித்து முதல் பிரிவுக்குச் சென்றது கார்லைல் யுனைடெட் என்னும் இன்னொரு சிறிய கிளப். மில்வால் முதல் பிரிவைக் கண்டது 1988இல். டன்ஃபி அதற்குள் ஆட்டத்தை விட்டுப் பத்தாண்டுகள் ஆகியிருந்தன.

நாட்குறிப்பின் வலிமை இங்கேதான் இருக்கிறது. தன்வரலாறு எழுதுகிறவருக்கு முடிவு தெரியும். ஆகவே ஒவ்வொரு நிகழ்ச்சியையும் அந்த முடிவை நோக்கிச் சாய்த்துவிடுவார். நாட்குறிப்பு எழுதுகிறவருக்கு நாளை தெரியாது. ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பை நாம் இன்றும் ஆர்வத்தோடு படிப்பது, புதுச்சேரியின் கதி என்னவாகும் என்பது எழுதும் கணத்தில் அவருக்குத் தெரியாது என்பதால்தான். மேதைகளான ஆட்டக்காரர்களின் தன்வரலாறுகளில் தோல்விகூட வெற்றிக்கு முந்தைய படியாகவே வரும். டன்ஃபியின் தோல்விக்குப் பின்னால் எந்தப் படியும் இல்லை. அதனால்தான் அது தோல்வியாகவே நம்மை எட்டுகிறது.

அதன்பின் சார்ல்டன், ரீடிங், கடைசியாக டப்ளினில் ஷாம்ராக் ரோவர்ஸ். 1978இல் அங்கே அயர்லாந்துக் கோப்பையை வென்ற அணியில் இருந்தார். பிறகு பத்திரிகையாளரானார். அயர்லாந்துத் தொலைக்காட்சியில் 2018 வரை கால்பந்து விமரிசகராக இருந்தார். மிஷேல் பிளாட்டினி நல்ல ஆட்டக்காரர்தான், மகத்தானவர் அல்லர் என்று 1984இல் அவர் சொன்னது இன்றும் நகைப்போடு நினைவுகூரப்படுகிறது. 1990 உலகக் கோப்பையில் எகிப்துடன் கோலின்றிச் சமன் செய்த தம் நாட்டு அணியை நேரலையில் சாடிப் பேனாவை வீசியெறிந்தபோது நாடே அவர்மேல் சினம் கொண்டது. நாட்குறிப்பில் தம்மை நோக்கி இருந்த கூர்மை பிற்காலத்தில் பிறரை நோக்கித் திரும்பிவிட்டது என்று சொல்வோர் உண்டு. முழுக்க மறுக்க எனக்கும் இயலவில்லை.

2002இல் மற்றொன்று நடந்தது. மான்செஸ்டர் யுனைடெட் அணித்தலைவர் ராய் கீனின் தன்வரலாறு வெளிவந்தது. கீனும் நடுக்கள ஆட்டக்காரர். டன்ஃபி அணியவே இயலாத சட்டையை அணிந்து எல்லாக் கோப்பைகளையும் வென்றவர். அவருக்காக அந்நூலை எழுதிக் கொடுத்தவர் டன்ஃபி. நார்வே ஆட்டக்காரர் ஒருவரை வேண்டுமென்றே காயப்படுத்தியதாகப் பொருள்படும் பகுதி அதில் இருந்ததால் கீன் விசாரணைக்கு உள்ளானார். அச்சொற்களில் தம்முடைய எழுத்தாளச் சுதந்திரம் கலந்திருப்பதாக டன்ஃபி சாட்சி சொன்னார். கீனுக்கு 1,50,000 பவுண்டு அபராதமும் ஐந்து ஆட்டங்களுக்குத் தடையும் விதிக்கப்பட்டன. மேதையின் கதையைச் சொல்ல ஒரு கொத்தனார் தேவைப்பட்டார். ஆனால் தம் கதையைச் சொன்னபோது இருந்த நேர்த்தி பிறர் கதையைச் சொன்னபோது அவருக்கு வாய்க்கவில்லை. தாம் நின்ற இடத்திலிருந்து மட்டுமே பார்க்கக்கூடிய ஒன்றை அவர் 1973இல் பார்த்திருந்தார். அந்த இடம் மேதைகளுக்குக் கிட்டுவதில்லை.

எங்கள் துறையில் சென்ற ஆண்டு மணிக்கணக்கு ஊதியத்தில் இருந்த இளைஞர் ஒருவருக்கு இந்த ஜூனில் அட்டவணையில் இடமில்லாமல் போயிற்று. விடைபெற வந்தவரிடம் புத்தகத்தைக் கொடுத்தேன். இரண்டு வாரம் கழித்துத் திருப்பித் தர வந்தார். நூலைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. சற்று நேரம் உட்கார்ந்திருந்துவிட்டு, "அப்புறம் அவரைத் திரும்ப அணியில சேர்த்தாங்களா, ஐயா?" என்று கேட்டார்.

"இல்லை. வேற அணிக்குப் போனார்."

"எவ்வளவு நாள் ஆடினார்?"

"இன்னும் நாலு வருஷத்துக்கு மேல."

தலையசைத்தார். பக்கத்து ஊர்க் கல்லூரி ஒன்றில் திங்கட்கிழமை நேர்காணல் இருப்பதாகச் சொல்லிவிட்டு எழுந்தார்.